எழுத்தில் தரச் சொல்லுங்கள்

புதிதாகப் பணியில் சேரும் குரூப் 1 அலுவலர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள தம்பி, தங்கைகளுக்கு,

முதல்நிலைத் தேர்வு, முதன்மைத் தேர்வு, நேர்காணல் மூன்றையும் தாண்டி வந்துவிட்டீர்கள். துணை ஆட்சியராக, துணைக் காவல் கண்காணிப்பாளராக, வணிகவரி உதவி ஆணையராக, கூட்டுறவுத் துணைப் பதிவாளராக, ஊரக வளர்ச்சி உதவி இயக்குநராகப் பொறுப்பேற்கப் போகிறீர்கள். வாழ்த்துகள். நான் வருவாய்த் துறையில் இளநிலை உதவியாளராகச் சேர்ந்து, பவானிசாகரில் பயிற்சி முடித்து, வட்டாட்சியராக ஓய்வுபெற்றவன். உங்களைவிடக் கீழ்ப்படியில் தொடங்கியதில் ஒரு வசதி உண்டு. மேலேயிருந்து விழும் ஒரு சொல் ஒவ்வொரு படியிலும் எப்படி உருமாறுகிறது, கடைசியில் யார் தலையில் வந்து இறங்குகிறது என்பதைக் கீழே நின்று பார்த்திருக்கிறேன்.

நில நிர்வாகம், குற்றவியல் நடைமுறை, நிதி விதிகள் எல்லாம் பயிற்சியில் சொல்லித் தருவார்கள். பொறுப்பேற்ற சில வாரங்களில் வரப்போகும் ஒரு தொலைபேசி அழைப்பைப் பற்றி எந்தப் பாடத்திலும் இருக்காது. அந்த அழைப்பை எப்படி எதிர்கொள்வது என்பது ஒன்றுதான் இந்த மடலின் பொருள்.

முதலில் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள். அரசியல் தலையீடு பெரும்பாலும் உத்தரவாக வருவதில்லை. "அண்ணன் சொல்லச் சொன்னாரு", "நம்ம பையன்தான், கொஞ்சம் பாத்துச் செய்யுங்க", "மேலிடத்துல கேக்குறாங்க சார்" என்றுதான் வரும். பேசுபவர் அமைச்சராக இருக்க மாட்டார். அவருடைய உதவியாளராகவோ, ஒன்றியச் செயலாளராகவோ, சில சமயம் உங்கள் மேலதிகாரியாகவே இருப்பார். என்ன செய்ய வேண்டும் என்று வெளிப்படையாக ஒருவரும் சொல்ல மாட்டார்கள். புரிந்துகொள்ளும் பொறுப்பு உங்களுடையது. நாளைக்கு வம்பு வந்தால் "நான் விசாரிக்கத்தானே சொன்னேன், விதியை மீறவா சொன்னேன்?" என்று கேட்க அவருக்கு வழி இருக்கும். உங்களுக்கு இருக்காது. கையெழுத்து உங்களுடையது.

கேட்கும் காரியமும் ஒரே மாதிரி இருக்காது. தகுதி இல்லாதவருக்குப் பட்டா கொடு, இந்த ஒப்பந்ததாரருக்கு வேலையைக் கொடு என்பதெல்லாம் பார்த்தவுடன் தெரிந்துவிடும். அடிக்கடி வருவது வேறு: "கொஞ்ச நாள் கிடப்புல போடுங்க." ஆக்கிரமிப்பை அகற்றும் அறிவிப்பு, குவாரியில் அளவெடுக்கும் தேதி, தணிக்கைத் தடைக்கான பதில், ஒரு புகார் மீதான முதல் தகவல் அறிக்கை என்று எதையும் கிடப்பில் போடலாம். செய்த தவறுக்குச் சாட்சியாகக் கோப்பில் ஒரு தாள் இருக்கும்; செய்யாமல் விட்டதற்கு அதுகூட இருக்காது. இதைவிட ஆபத்தானது, அழைப்பே வராமல் நாமாக முந்திக்கொள்வது. சட்டமன்ற உறுப்பினர் கோபித்துக்கொள்வாரோ என்று நாமே கணக்குப் போட்டு, அவர் கேட்காததையும் செய்து வைத்துவிட்டு, "அரசியல் நெருக்கடி" என்று பெருமூச்சு விடுவது. அலுவலகங்களில் தலையீடு என்று சொல்லப்படுவதில் ஒரு பகுதி இப்படி நாமே தயாரித்ததுதான்.

இதைச் சொல்லும்போதே மறுபக்கத்தையும் சொல்லிவிட வேண்டும். மக்கள் பிரதிநிதி வாயைத் திறந்தாலே தலையீடு என்று மூக்கைச் சுளிக்கும் அலுவலர்களும் நம்மிடையே உண்டு. அது தவறு. எந்தச் சாலை முதலில், எந்தத் திட்டத்துக்கு எவ்வளவு, யாருக்கு என்ன சலுகை என்று கொள்கை வகுப்பது தேர்ந்தெடுக்கப்பட்டவர்களின் உரிமை. நமக்குப் பிடிக்காத கொள்கையையும் முழு மனதோடு நிறைவேற்றுவது நம் கடமை. மூன்று முறை அலைந்தும் முதியோர் உதவித்தொகை கிடைக்காத ஒரு பாட்டி கவுன்சிலரைக் கூட்டிக்கொண்டு வருகிறார் என்றால், நம் அலுவலகக் கதவு அவருக்குத் தானாகத் திறக்கவில்லை என்று பொருள். அந்தக் கவுன்சிலர் தலையிடவில்லை. நாம் செய்யாமல் விட்ட வேலையைச் செய்கிறார். அவருக்கு நாற்காலி போட்டு உட்கார வையுங்கள்.

இரண்டையும் பிரித்தறிய எளிய சோதனை ஒன்று உண்டு. கேட்பதை அவர் தம் லெட்டர்பேடில் எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தருவாரா? தருவார் என்றால் அது பரிந்துரை. பதிவேட்டில் ஏற்றி எண் போடுங்கள், விதிப்படி பரிசீலியுங்கள், முடியும் அல்லது முடியாது என்று பதில் எழுதுங்கள். "அதெல்லாம் எதுக்கு சார், வாயாலே சொன்னாப் போதாதா?" என்றால் உங்களுக்கு விடை கிடைத்துவிட்டது. பாட்டிக்காக வந்த கவுன்சிலர் எழுதித் தரத் தயங்க மாட்டார்.

இனி சட்டத்துக்கு வருவோம். ஒரு சட்டம் ஒரு முடிவை உங்கள் பதவியின் பெயரைச் சொல்லி உங்களிடம் ஒப்படைத்திருந்தால், அந்த முடிவை நீங்கள்தான் எடுக்க வேண்டும். உங்களுக்கு மேலே இருப்பவரும் அதை எடுக்க முடியாது. இது இந்தியக் குடியரசின் தொடக்கத்திலேயே உறுதியான நெறி. பம்பாய் அந்தேரியில் கோர்தன்தாஸ் பான்ஜி என்பவர் திரையரங்கு கட்ட, மாநகரக் காவல் ஆணையர் 1947 ஜூலையில் அனுமதி கொடுத்தார். எதிர்ப்புக் கிளம்பியது. செப்டம்பரில் அதே ஆணையர், அனுமதி ரத்து செய்யப்பட்டதாகத் தெரிவிக்கும்படி அரசு தமக்குப் பணித்திருக்கிறது என்று கடிதம் அனுப்பினார். விதிப்படி ரத்து செய்யும் அதிகாரம் ஆணையருடையது. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. ரத்து தம் சொந்த முடிவுதான் என்று ஆணையர் தரப்பு பின்னால் விளக்கம் சொல்லிப் பார்த்தது. 1951-இல் தீர்ப்பெழுதிய நீதிபதி விவியன் போஸ் அதை ஏற்கவில்லை. ஓர் உத்தரவு அதில் எழுதப்பட்டிருப்பதை வைத்தே படிக்கப்படும், எழுதியவர் பிறகு தரும் விளக்கத்தை வைத்து அல்ல என்றார். ஆணையர் தாமே யோசித்து முடிவெடுக்கவில்லை, அரசு எடுத்த முடிவைக் கடத்தினார். எனவே அந்த ரத்து சட்டத்தின் முன் நிற்கவில்லை.

அதன் பிறகும் இதே கதை வேறு வேறு ஊர்களில் நடந்திருக்கிறது. பிகாரில் எந்த ஊர்க் கரும்பு எந்த ஆலைக்கு என்று ஒதுக்கும் அதிகாரம் கரும்பு ஆணையருடையது. முதலமைச்சர் தலையிட்டு இரண்டு ஆலைகளுக்கு ஊர்களைப் பிரித்துக் கொடுக்கச் சொன்னார்; ஆணையர் அப்படியே செய்தார். புர்தாப்பூர் கம்பெனி தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் அந்த உத்தரவைச் செல்லாததாக்கியது. முதலமைச்சரே சொல்லியிருந்தாலும் ஆணையர் தம் பொறுப்பைக் கைமாற்ற முடியாது என்பதே அதன் சாரம். காவல் துறையில் சேருபவர்கள் 1995-ஆம் ஆண்டின் அனிருத்சிங்ஜி ஜடேஜா வழக்கைப் படியுங்கள். தடா சட்டத்தின் கீழ் வழக்குப் பதிய ஒப்புதல் தரும் அதிகாரம் மாவட்டக் காவல் கண்காணிப்பாளரிடம் இருந்தது. குஜராத்தில் ஒரு கண்காணிப்பாளர் தாமே முடிவெடுக்காமல் உள்துறையின் அனுமதியை நாடினார். யாரும் அவரை மிரட்டியதாகக் கதை இல்லை. பாதுகாப்பாக இருக்கட்டும் என்று மேலே தள்ளினார். அதுவும் செல்லாது என்றது நீதிமன்றம். பணிந்து போவதும் தவறு, பொறுப்பைத் தட்டிக்கழிப்பதும் தவறு.

சில இடங்களில் உங்களுக்கே தேர்வுரிமை கிடையாது. பிடியாணை இல்லாமல் கைது செய்யத்தக்க குற்றம் நடந்ததாகத் தகவல் வந்தால் முதல் தகவல் அறிக்கை பதிந்தே ஆக வேண்டும் என்று 2013 நவம்பரில் லலிதா குமாரி வழக்கில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு சொல்லிவிட்டது. சில வகை வழக்குகளில் மட்டும் சுருக்கமான முதற்கட்ட விசாரணைக்கு இடம் உண்டு. "எஃப்.ஐ.ஆர். வேணாம், சி.எஸ்.ஆர். போட்டு அனுப்பிடுங்க" என்று யாராவது சொன்னால், "சார், அது என் கையிலும் இல்லை, உங்கள் கையிலும் இல்லை" என்று மரியாதையாகச் சொல்லலாம். சட்டம் தெரிந்தவருக்கு மறுப்பது சுலபம்.

எழுத்தில் இல்லாத உத்தரவு எங்கே கொண்டுபோய் நிறுத்தும் என்பதற்கு சுதந்திர இந்தியாவின் முதல் பெரிய நிதி ஊழலே சாட்சி. 1956-இல் ஆயுள் காப்பீடு நாட்டுடைமையாகி எல்.ஐ.சி. பிறந்தது. அடுத்த ஆண்டு ஜூனில், ஹரிதாஸ் முந்த்ரா என்ற தொழிலதிபரின் ஆறு கம்பெனிகளில் எல்.ஐ.சி. சுமார் 1.24 கோடி ரூபாய்க்குப் பங்குகளை வாங்கியது. அன்றைக்கு அது மலைக்க வைக்கும் தொகை, பாலிசிதாரர்களின் பணம். நிறுவனத்தின் முதலீட்டுக் குழுவைக் கேட்காமலே வாங்கினார்கள். 1957 டிசம்பரில் ஃபெரோஸ் காந்தி நாடாளுமன்றத்தில் இதைக் கிளப்பினார். ஆளுங்கட்சி உறுப்பினர், பிரதமரின் மருமகன். கேள்வி அவர் மாமனாரின் அரசை நோக்கி. நிதியமைச்சர் நம் சென்னையைச் சேர்ந்த டி.டி. கிருஷ்ணமாச்சாரி. நீதிபதி எம்.சி. சாக்ளா பம்பாயில் திறந்த விசாரணை நடத்தினார். கூட்டம் அலைமோத, வெளியே ஒலிபெருக்கி வைத்தார்கள்.

அந்த விசாரணையில் எல்லாரும் தேடியது ஒரே ஒரு தாளை: வாங்கச் சொன்னது யார்? அமைச்சரிடம் பேசி அவர் ஒப்புதலோடுதான் நடந்தது என்றார் நிதித் துறைச் செயலாளர் எச்.எம். பட்டேல். தாம் அப்படி ஒப்புதல் தரவில்லை என்றார் அமைச்சர். இரண்டு பேரும் சாதாரண ஆட்கள் அல்லர். ஒருவர் நாட்டின் நிதியைக் கையாண்டவர், மற்றவர் பிரிவினைக் காலத்தில் நிர்வாகச் சொத்துகளைப் பங்கிட்ட பெரிய பணியில் இருந்த ஐ.சி.எஸ். அதிகாரி. இருவருக்கும் நடுவே ஒரு வரிக் குறிப்பு இருந்திருந்தால் அந்த வாக்குவாதமே இருந்திருக்காது. செயலாளர் செய்ததற்கு அமைச்சரே அரசியல் சட்டப்படி பொறுப்பு என்று சாக்ளா 1958 பிப்ரவரியில் அறிக்கை கொடுத்தார். அந்த மாதமே கிருஷ்ணமாச்சாரி பதவி விலகினார். அதோடு விடவில்லை, அதிகாரிகள் மீது தனி விசாரணைக் குழு உட்கார்ந்தது. அதன் தலைவர் யார் தெரியுமா? அந்தேரி திரையரங்கு வழக்கில் தீர்ப்பெழுதிய அதே விவியன் போஸ். பட்டேலின் அரசுப் பணி அதோடு முடிந்தது. பிறகு அவர் அரசியலுக்கு வந்து, 1977-இல் மொரார்ஜி அமைச்சரவையில் நிதியமைச்சராகவே ஆனார். கிருஷ்ணமாச்சாரியும் சில ஆண்டுகளில் மீண்டும் அமைச்சரானார். பெரியவர்களுக்கு மறுவாழ்வு கிடைக்கும். துணைப் பதிவாளருக்கும் வட்டாட்சியருக்கும் அப்படி ஒன்று கிடைத்து நான் பார்த்ததில்லை.

வாய்மொழி உத்தரவு பணத்தை மட்டும் தின்னும் என்று எண்ண வேண்டாம். 1975 ஜூன் 25 இரவு நெருக்கடிநிலை அறிவிக்கப்பட்டபோது, தில்லியில் பகதூர் ஷா ஜாபர் சாலையில் இருந்த செய்தித்தாள் அலுவலகங்களுக்கு மின்சாரம் நிறுத்தப்பட்டது. காலையில் பல தாள்கள் வெளிவரவில்லை. தணிக்கை விதிகள் நடைமுறைக்கு வருமுன்பே நடந்தது இது. எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவில் ஒரு பத்திரிகையின் மின்சாரத்தை வெட்டலாம் என்று இருக்கிறது? எதிலும் இல்லை. துணைநிலை ஆளுநரிடமிருந்து வாய்மொழியாக உத்தரவு வந்தது, மின்வாரிய அதிகாரிகள் நிறைவேற்றினார்கள். பின்னர் நீதிபதி ஜே.சி. ஷா ஆணையம் இதையும், முன்தேதியிட்ட கைது ஆணைகளையும், பிறகு உட்கார்ந்து எழுதிச் சேர்த்த காரணங்களையும் ஒவ்வொன்றாக விசாரித்து 1978-இல் அறிக்கைகள் தந்தது. பல அதிகாரிகளுக்குத் தங்களைக் காத்துக்கொள்வதே ஒரே நோக்கமாகிப் போயிருந்தது என்பது அந்த ஆணையத்தின் கசப்பான கணிப்பு. அன்று அவர்களில் ஓர் அதிகாரி "எழுத்தில் தாருங்கள்" என்று கேட்டிருந்தால் நெருக்கடிநிலை நின்றிருக்குமா? நின்றிருக்காது. ஆனால் சட்டப்பிரிவைத் தேடி எழுதிக் கையெழுத்துப் போட வேண்டிய வேலை உத்தரவிட்டவருக்கு வந்திருக்கும். எழுதச் சொன்னால் பாதி உத்தரவுகள் வாயிலேயே தங்கிவிடும் என்பது என் அனுபவம்.

கேட்பதற்கு உரிமை இருக்கிறதா என்றால், ஐ.ஏ.எஸ்., ஐ.பி.எஸ். அதிகாரிகளுக்கு அது கடமையாகவே இருக்கிறது. அகில இந்தியப் பணி நடத்தை விதிகள், 1968-இல் மூன்றாம் விதி தெளிவாகச் சொல்கிறது: மேலதிகாரியின் உத்தரவு எழுத்தில் இருக்க வேண்டும்; தவிர்க்க முடியாமல் வாயால் சொன்னால் உடனே எழுத்தில் உறுதிப்படுத்த வேண்டும்; வாய்மொழி உத்தரவு பெற்றவர் எழுத்துபூர்வ உறுதியைக் கேட்டுப் பெற வேண்டும்; கேட்டால் கொடுப்பது மேலதிகாரியின் கடமை. முன்னாள் அமைச்சரவைச் செயலாளர், தமிழரான டி.எஸ்.ஆர். சுப்பிரமணியன் முன்னின்று, ஓய்வுபெற்ற உயரதிகாரிகள் 83 பேர் தொடுத்த வழக்கில், 2013 அக்டோபர் 31 அன்று உச்ச நீதிமன்றம் இதே போன்ற ஏற்பாட்டை எல்லா மாநிலங்களும் செய்ய வேண்டும் என்று ஆணையிட்டது. வாய்மொழி உத்தரவுகளைப் பதியாமல் செயல்படுவது குடிமக்களின் தகவல் பெறும் உரிமையையே பறிப்பதாகும் என்றும் சொன்னது. எவ்வளவு சரியான பேச்சு! 1997-இலேயே, நாட்டில் முதலாவதாக, தகவல் உரிமைக்கென்று சட்டம் செய்த மாநிலம் நம்முடையது. 2005-இன் மத்தியச் சட்டத்தில் கருத்துகளும் ஆலோசனைகளும் தகவலே. கோப்பில் இல்லாததை எந்த மனுதாரர் கேட்டு வாங்க முடியும்?

"சட்டமெல்லாம் சரி, அமைச்சரிடம் போய் எழுதிக் கொடுங்கள் என்று எந்தத் துணை ஆட்சியர் சொல்வது?" என்று கேட்பீர்கள். முகத்துக்கு நேரே சொல்ல வேண்டியதில்லை. தொலைபேசியை வைத்ததும் ஒரு கடிதம் அல்லது மின்னஞ்சல்: "இன்று முற்பகல் தொலைபேசியில் தாங்கள் அறிவுறுத்தியவாறு, இன்னாரது விண்ணப்பத்தின் மீது இன்ன நடவடிக்கை எடுக்கப் பணிக்கப்பட்டது. இப்பொருளில் இன்ன விதி இவ்வாறு கூறுகிறது. உரிய ஆணையை எழுத்தில் வழங்குமாறு கேட்டுக்கொள்கிறேன்." அவ்வளவுதான். குரல் உயர வேண்டாம், வீரம் பேச வேண்டாம். பல நேரம் பதில் வராது. வராத பதிலும் கோப்பில் ஒரு பதிவு.

'பேசவும்' என்ற சொல்லை இனி அடிக்கடி பார்ப்பீர்கள். நீங்கள் விதிப்படி குறிப்பு எழுதி அனுப்புவீர்கள். மேலிருந்து ஓரத்தில் 'பேசவும்' என்று எழுதிக் கோப்பு திரும்பும். போய்ப் பேசுவீர்கள். வெளியே வரும்போது உங்கள் குறிப்பை நீங்களே மாற்றி எழுத வேண்டியிருக்கும். மாற்றச் சொன்னவரின் கைத்தடம் எங்கும் இருக்காது. இதற்கு மருந்து ஒன்றுதான். பழைய குறிப்புத் தாளைக் கிழிக்காதீர்கள். அதன் கீழே, "நேரில் கலந்து பேசப்பட்டது. இந்த அம்சங்கள் சுட்டிக்காட்டப்பட்டன. மறு ஆணைக்காகச் சமர்ப்பிக்கப்படுகிறது" என்று தேதியோடு எழுதி, மேலதிகாரியிடமே முடிவை விடுங்கள். உங்கள் கருத்துக்கு மாறாக ஆணையிட அவருக்கு அதிகாரம் இருக்கும் இடங்களில் அவர் தாராளமாக ஆணையிடட்டும். அவர் கையெழுத்தில் இடட்டும். அதை நிறைவேற்றுவதில் உங்களுக்கு இழுக்கு இல்லை. சட்டத்துக்கே முரணான ஆணை என்றால் அதையும் எழுதிச் சொல்லுங்கள்.

இனி நீங்கள் மனத்துக்குள் கேட்டுக்கொண்டிருக்கும் கேள்வி: இப்படி இருந்தால் என்னை எங்கே தூக்கிப் போடுவார்கள்? மழுப்பாமல் சொல்கிறேன். அரசியல் சட்டத்தின் 311-ஆம் பிரிவு இருக்கிறது. சில விதிவிலக்குகள் தவிர, விசாரணை இல்லாமல் உங்களை வேலையை விட்டு நீக்க முடியாது. ஆனால் மாற்றலாம். சட்டத்தின் கண்ணில் பணியிட மாறுதல் தண்டனையே அல்ல. 17 'பி' குற்றச்சாட்டுக் குறிப்பாணை கொடுத்து வருடக்கணக்கில் பதவி உயர்வைத் தள்ளிப் போடலாம். தற்காலிகப் பணிநீக்கமும் செய்யலாம். 2013 ஜூலையில் உத்தரப்பிரதேசத்தில் மணல் கொள்ளைக்கு எதிராக நடவடிக்கை எடுத்துவந்த துர்கா சக்தி நாக்பால் என்ற இளம் ஐ.ஏ.எஸ். அதிகாரியைத் தற்காலிகப் பணிநீக்கம் செய்தார்கள். கட்டிக்கொண்டிருந்த ஒரு மசூதியின் சுவரை இடிக்கவைத்தார் என்பது அரசு சொன்ன காரணம். 41 நிமிடத்தில் அவரைத் தற்காலிகப் பணிநீக்கம் செய்யவைத்தேன் என்று ஆளுங்கட்சிப் பிரமுகர் ஒருவர் கூட்டத்தில் பெருமையடித்த காட்சி நாடெங்கும் ஓடியது. நாடு கொதித்தது, செப்டம்பரில் ஆணை ரத்தானது. ஹரியானாவின் அசோக் கெம்கா 2025-இல் ஓய்வுபெறும்வரை ஐம்பதுக்கும் மேற்பட்ட முறை மாற்றப்பட்டார்.

பதவிக்காலப் பாதுகாப்பு என்ன செய்யும் என்பதற்குத் தமிழ்நாட்டுப் பிரிவு ஐ.ஏ.எஸ். அதிகாரி டி.என். சேஷனைப் பாருங்கள். 1989 மார்ச்சில் அமைச்சரவைச் செயலாளரானார். ஆட்சி மாறியதும் அதே டிசம்பரில் திட்டக் குழுவுக்கு அனுப்பப்பட்டார். அவரால் ஒன்றும் செய்ய முடியவில்லை. அடுத்த ஆண்டு டிசம்பரில் அதே மனிதர் தலைமைத் தேர்தல் ஆணையரானார். அந்தப் பதவியிலிருந்து நீக்க வேண்டுமானால் உச்ச நீதிமன்ற நீதிபதியை நீக்குவது போல நாடாளுமன்றம் கூடித் தீர்மானம் போட வேண்டும். பிறகு நடந்தது ஊரறிந்தது. ஆள் மாறவில்லை, குணம் மாறவில்லை. நாற்காலியின் பூட்டுதான் மாறியது. அதனால்தான் 2006-இல் பிரகாஷ் சிங் வழக்கில் காவல் அதிகாரிகளுக்கும், 2013 தீர்ப்பில் ஆட்சிப்பணி அதிகாரிகளுக்கும் குறைந்தபட்சப் பதவிக்காலம் வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் வலியுறுத்தியது. மாநிலங்கள் அதைப் பல வழிகளில் நீர்த்துப்போகச் செய்தன. உங்கள் சங்கங்கள் சம்பளத்துக்கும் அகவிலைப்படிக்கும் போராடும் அளவுக்கு இதற்குப் போராட வேண்டும்.

"தண்ணியில்லாக் காட்டுக்கு மாத்திடுவேன்" என்பது நம் ஊரில் அதிகாரிகளை மிரட்டப் பயன்படும் வசனம். கொஞ்சம் யோசியுங்கள். அந்தத் தண்ணியில்லாக் காட்டிலும் மக்கள் இருக்கிறார்கள். ரேஷன் கார்டு வேண்டும், சாதிச் சான்று வேண்டும், குடிநீர்க் குழாய் வேண்டும். நேர்மையான அலுவலருக்கு அது தண்டனை என்றால், அங்கே பிறந்தவர்கள் என்ன பாவம் செய்தார்கள்? வசதியான ஊருக்கு மட்டும் வேலை செய்ய வந்தவரை எந்த ஊரைச் சொல்லியும் மிரட்டலாம். எந்த ஊரிலும் வேலை செய்யத் துணிந்தவரிடம் அந்த வசனம் செல்லாது.

இங்கேதான் நம் சொந்த முற்றத்தைப் பார்க்க வேண்டும். தலையீடு எங்கே தொடங்குகிறது? சட்டமன்ற உறுப்பினர் உங்களைக் கூப்பிடும்போது தொடங்குவதில்லை. சொந்த ஊருக்குப் பக்கத்தில் பணியிடம் வேண்டும், மனைவி வேலை செய்யும் மாவட்டம் வேண்டும், வருமானமுள்ள வட்டம் வேண்டும் என்று நீங்கள் அவரைக் கூப்பிடும்போது தொடங்குகிறது. அவர் உங்களுக்கு ஒரு காரியம் செய்தார். பிறகு நீங்கள் அவருக்கு ஒரு காரியம் செய்ய மாட்டேன் என்பது எப்படி? பணி தொடர்பான எதற்கும் அரசியல் செல்வாக்கைப் பயன்படுத்தக் கூடாது என்று மத்திய அரசு ஊழியர் நடத்தை விதிகள், 1964-இன் 20-ஆவது விதி தடுக்கிறது. அகில இந்தியப் பணிகளுக்கும் இதே தடை உண்டு. கோப்பில் தூங்கும் விதி இது. மாறுதல் காலத்தில் அமைச்சர் வீட்டு வாசலில் நிற்கும் கார்களில் எத்தனை அரசு வண்டிகள் என்று எண்ணிப் பார்த்தால் போதும்.

இதற்கு ஆசிரியர்கள் ஒரு வழி காட்டியிருக்கிறார்கள். பணிமூப்புப் பட்டியலும் காலியிடப் பட்டியலும் எல்லார் முன்னும் விரித்து வைக்கப்பட்டு, வரிசைப்படி இடத்தைத் தேர்ந்தெடுக்கும் மாறுதல் கலந்தாய்வு பள்ளிக் கல்வியில் வந்த பிறகு, அந்த வழியில் இடம் பெறுபவர் யாருக்கும் கடன்பட வேண்டியதில்லை. 'நிர்வாக மாறுதல்' என்ற பின்வாசல் அங்கும் திறந்து கிடக்கிறது என்ற புகார் உண்டு. இருந்தாலும் முன்வாசல் என்று ஒன்று இருக்கிறது. வருவாய், காவல், பதிவு, ஊரக வளர்ச்சி ஆகிய துறைகளுக்கும் அது வேண்டும் என்று நீங்கள் கேட்க வேண்டும்.

கடைசியாக, உங்களுக்குப் பிடிக்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். தலையிடுவது அரசியல்வாதி மட்டும் அல்லர். நாளைக்கு நீங்களும் ஒரு தொலைபேசி அழைப்பாவீர்கள். கிராம நிர்வாக அலுவலர் நேரில் பார்த்து, "இது நீர்நிலைப் புறம்போக்கு" என்று எழுதியிருப்பார். வருவாய் ஆய்வாளர் அதையே உறுதி செய்திருப்பார். "அறிக்கையைக் கொஞ்சம் மாத்தி எழுதிக் கொண்டாங்கய்யா" என்று நீங்கள் வாயால் சொன்னால், அமைச்சரின் உதவியாளர் உங்களுக்குச் செய்ததை நீங்கள் அவர்களுக்குச் செய்கிறீர்கள். விசாரணை வந்தால் மாட்டுவது அந்த இருவர்தான். அறிக்கை தவறு என்று பட்டால் நீங்களே களத்துக்குப் போய்ப் பாருங்கள். மாறுபட்ட முடிவை உங்கள் பெயரில் எழுதுங்கள். உங்களுக்குக் கீழே இருப்பவர் உங்களிடம் "எழுத்தில் தாருங்கள் ஐயா" என்று கேட்டால் கோபப்படாதீர்கள். அந்த ஒரு நாளில்தான் நீங்கள் எப்படிப்பட்ட அதிகாரி என்பது தெரியும்.

ஆகவே மூன்று வேண்டுகோள். வாயால் வரும் உத்தரவை அன்றே எழுத்தாக்குங்கள். உங்களுக்காக எந்த அரசியல்வாதியிடமும் எதையும் கேட்காதீர்கள். உங்களுக்குக் கீழே உள்ளவர்களுக்கு எழுதாத உத்தரவைத் தராதீர்கள். இந்த மூன்றையும் கடைப்பிடிப்பவருக்கு மாறுதல்கள் கூடுதலாக வரலாம். விசாரணைக் கூண்டு வராது. உங்கள் சம்பளம் அமைச்சரின் பையிலிருந்து வருவதில்லை, மக்களின் வரியிலிருந்து வருகிறது. அவர்களுக்குத் தெரியாமல் எடுக்க வேண்டிய முடிவு எதுவும் உங்கள் மேசையில் இல்லை.

அன்புடன்,
ஓய்வுபெற்ற வட்டாட்சியர் ஒருவர்